ரசீதில் ஒலிக்காத எழுத்து

காரைக்குடியில் எங்களுக்கு ஆங்கிலம் கற்பித்த ஆசிரியர், அருஞ்சொற்களைத் தேடிப் பாடநூலுக்குள் போனதில்லை. கொண்டுவிக்கப் போன, அதாவது தொழில் நடத்தக் கடல்கடந்து போன, நகரத்தார் வீட்டுப் பிள்ளைகள் நிறைந்த வகுப்பு அது என்பதால், பற்றுவரவுக்குள் புழங்கும் சொற்களையே எடுப்பார். பொருளை ஒரே வாக்கியத்தில், தமிழில் சொல்ல வேண்டும் என்பது அவர் வைத்த விதி. ‘லீன்’ (lien) என்றால் என்ன என்று ஒருநாள் கேட்டபோது, மலாயாவில் அடுத்தாளாக (கடை முகவருக்கு அடுத்த நிலை உதவியாளராக) இருந்து திரும்பியவரின் மகன் எழுந்து, “கடன் அடையும்வரை கடன்பட்டவன் பொருளை விடாமல் பிடித்துவைக்கும் உரிமை, சார்” என்றான். அகராதிக்காரர் இவ்வளவு தெளிவாகச் சொல்லியிருப்பாரா என்பது எனக்கு இன்றும் ஐயமே.

உச்சரிப்பில்தான் ஆசிரியரின் கைவரிசை தெரியும். ரசீதைக் குறிக்கும் ‘ரிசீட்’ (receipt) என்பதன் ஏழு எழுத்துகளையும் கரும்பலகையில் எழுதி, ஆறாவது எழுத்தை விரல் நுனியால் அழித்துவிட்டு வாசிக்கச் சொல்வார். சரியாக வாசித்ததும் அதை மீண்டும் எழுதி, முன்போலவே வாசிக்கச் சொல்வார். கடனைக் குறிக்கும் ‘டெட்’டிலும் (debt) இப்படி ஓர் ஊமை எழுத்து உண்டு. முற்காலத்து ஆங்கிலத்தில் இவ்வெழுத்துகள் இன்றியே இச்சொற்களை எழுதிவந்தனர். லத்தீன் வேரைக் காட்டிவிட வேண்டும் என்ற புலமை ஆசையில் பின்னர் வந்தவர்கள் அவற்றை நுழைத்தார்கள், ஆனால் பேசுவோர் நாக்கு இணங்கவில்லை. குற்றஞ்சாட்டுவதைக் குறிக்கும் ‘இன்டைட்’ (indict), உணவுப் பொருள்களைக் குறிக்கும் ‘விட்டல்ஸ்’ (victuals) ஆகியவற்றின் கதையும் இதுவே. படை அதிகாரியைக் குறிக்கும் ‘கர்னல்’ (colonel) இன்னும் விசித்திரமானது: எழுத்து இத்தாலிய வடிவத்தை ஒட்டியது, ஒலி பழைய பிரெஞ்சு வடிவத்தை ஒட்டியது.

ஐயம் எழுந்தால், ஆங்கிலேய ஒலியியல் அறிஞர் டேனியல் ஜோன்ஸ் 1917-இல் முதலில் வெளியிட்ட உச்சரிப்பு அகராதியின் பிந்தைய பதிப்பொன்றைப் பிரிப்பார். அதில் ஒலிக்குறிகள் இருக்கும், பொருள் இராது. அதற்கு வேறு அகராதிதான். இரண்டையும் பார்க்காமல் பெரிய சொல்லைக் கட்டுரையில் செருகியவனுக்கு மதிப்பெண் குறையும். அது சற்றுக் கடுமை என்று அன்று முணுமுணுத்தோம்; சரியான கடுமை என்பதே என் கருத்து.

சிங்கப்பூரில் நம்மவர் கிட்டங்கிகள் (நகரத்தாரின் வட்டிக்கடைகள் சேர்ந்திருந்த கட்டடங்கள்) இருந்த மார்க்கெட் தெருவிலிருந்து சிறிது தூரம் நடந்தால் ‘போட் கீ’ (Boat Quay) வந்துவிடும். ஊரிலிருந்து புதிதாக வரும் பிள்ளைகள் அதை ‘குவே’ என்று எழுத்துக்கூட்டிப் படிக்கிறார்கள். கப்பல்துறையைக் குறிக்கும் அந்தச் சொல்லைப் பழைய ஆங்கிலேயர் ஒலிக்கேற்ற எளிய எழுத்திலேயே எழுதினர். பிரெஞ்சு எழுத்தைப் பின்பற்றிய இன்றைய வடிவம் பிறகு வந்தது. ரசீதுக்கு அத்தனை பாடம் நடத்தியவர் இந்தச் சொல்லை ஒருநாளும் எடுக்கவில்லை. கப்பலேறிய வீட்டுப் பிள்ளைகளுக்கு முதலில் வேண்டியிருந்தது அதுவல்லவா என்பதே அவர்மீது எனக்குள்ள ஒரே குறை.