நேற்றின் நாற்காலி: சாவி கடைசியில் பின்பக்கம் விழுந்தது

நேற்று இரவு நாற்காலியில் உட்கார்ந்திருந்த நண்பர் சட்டென்று திரும்பிப் பார்த்தார். மூன்று வாரமாக இதற்குத்தான் காத்திருந்தேன். அவருக்குப் பின்னால் யாரும் இல்லை. அந்தச் சாவிக்கொத்தை நான் கீழே போட்டது போன ஞாயிற்றுக்கிழமை.

நாற்காலியில் உட்கார்ந்து ஹெட்போனில் கேட்கும் ஓர் ஒலிக்கதை செய்துகொண்டிருக்கிறேன். கதை இதுதான்: ஒரு விநோத நாற்காலி. அதில் உட்காருபவருக்கு, முன்பு அங்கே உட்கார்ந்திருந்தவர் கேட்டதும் உணர்ந்ததும் இப்போதைய அறையின்மேல் ஓர் அடுக்காகப் படியும். நிகழ்காலம் மறையாது, இரண்டும் சேர்ந்தே இருக்கும். இந்த 'சேர்ந்தே' என்பதை நான் பிடித்தது வைல்டர் பென்ஃபீல்டிடமிருந்து. மான்ட்ரியாலில் வலிப்பு நோயாளிகளுக்கு விழித்திருக்கும்போதே மூளை அறுவை செய்தவர். மூளையின் நெற்றிப்பொட்டுப் பக்கத்து மடலில் மின்முனை பட்டபோது சிலருக்குப் பழைய பாட்டும் குரலும் கேட்டன. ஆனால் தாங்கள் அறுவை அறையில்தான் படுத்திருக்கிறோம் என்பதும் அவர்களுக்குத் தெரிந்தே இருந்தது. எனக்கு வேண்டியது அந்த இரட்டை நிலைதான். அதனால் பதிவும் கேட்பதும் ஒரே அறையில், ஒரே நாற்காலியில். காதுக்குள் வைக்கும் மைக் இரண்டு, வெளிச்சத்தத்தையும் உள்ளே விடும் ஓபன்-பேக் ஹெட்போன் ஒன்று. காதை முழுக்க மூடும் ஹெட்போன் போட்டால் நிகழ்காலம் செத்துவிடுகிறது, அதோடு கதையும்.

என் உயிரை எடுத்தது ஒரே ஒரு சத்தம். எதிரே இருக்கும் மேசையில் யாரோ சாவிக்கொத்தை வைக்க வேண்டும். பதிவு செய்யும்போது அருமையாக இருந்தது. போட்டுக் கேட்டால் சாவி மேசையில் விழவில்லை, பிடரிக்குள் விழுந்தது. இடமா வலமா என்பதில் தொல்லையே இல்லை. ஒரு காதுக்கும் மறு காதுக்கும் சத்தம் வந்து சேரும் நேர வித்தியாசம் அதிகம் போனால் 0.7 மில்லிவிநாடி, மூளைக்கு அது தாராளம். ஆனால் நேர் முன்னாலிருந்து வந்தாலும் நேர் பின்னாலிருந்து வந்தாலும் அந்த வித்தியாசம் கிட்டத்தட்ட பூஜ்யம்தான். அங்கே துப்புக் கொடுப்பவை காது மடலின் மடிப்புகள். பதிவில் இருப்பது என் மடல், கேட்பவர் தலையில் இருப்பது அவருடையது. போதாததற்கு நிஜத்தில் தலையை லேசாக அசைத்துச் சரிபார்த்துக்கொள்கிறோம். ஹெட்போனில் அதற்கும் வழியில்லை.

சும்மா விடவில்லை. மைக்கை இரண்டு மில்லிமீட்டர் உள்ளே தள்ளிப் பார்த்தேன். 4 கிலோஹெர்ட்ஸைச் சுற்றி 3 டெசிபல் ஏற்றினேன், முன்னால் வருவது போல் ஏமாற்ற அது உதவும் என்பார்கள். சாவி இன்னும் கிறீச்சென்று ஆனது, இடம் மட்டும் மாறவில்லை. இருபத்திரண்டு தடவை பதிவு செய்தேன். இருபத்திரண்டிலும் பிடரிதான்.

அப்புறம்தான் உறைத்தது. மேசை கண்ணுக்கு முன்னால் காலியாகக் கிடக்கிறது. அங்கே சாவி விழுந்தது என்று காது சொன்னால் கண் எப்படி ஒப்புக்கொள்ளும்? மைக்கை விட்டுவிட்டு நாற்காலியைத் தூக்கிச் சுவரைப் பார்க்கப் போட்டேன். மேசை இப்போது முதுகுப்பக்கம். அப்படியே மறுபடி பதிவு செய்தேன், இந்தத் தடவை மேசையில் வைக்காமல் தரையில் நழுவ விட்டேன். முதல் தடவையிலேயே சரியாக வந்தது! மூன்று வாரத்துக்கு முன்னால் இது தோன்றியிருக்கக் கூடாதா?

நண்பர் திரும்பியதில் ஒரு சிக்கல். அவர் தலையோடு பழைய அறையும் சேர்ந்து சுழன்றது, மந்திரம் அறுந்துவிட்டது. தலை அசைவைப் பின்தொடரும் சென்சர் வாங்கும்வரை அதைக் கதையிலேயே விதியாக்கிவிட்டேன்: "திரும்பினால் நேற்றும் திரும்பும், அதற்கு முகம் கிடையாது." இது என் குறையை மறைக்க எழுதிய வரி என்று அவருக்குத் தெரியாது. நல்ல வரி என்று வேறு சொன்னார்.

திட்டமிடாமல் கிடைத்தது ஒன்று உண்டு, எனக்கு அதுதான் ரொம்பப் பிடித்தது. பக்கத்து அறை ஃபிரிட்ஜின் உறுமல் பதிவிலும் இருக்கிறது, நிகழிலும் இருக்கிறது. மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்றால் உறுமல் 100 ஹெர்ட்ஸ். ஆனால் மின்கட்டத்தின் அலைவெண் நொடிக்கு நொடி துளியளவு ஏறி இறங்கும். அந்த ஏற்ற இறக்கத்தை வைத்து, ஓர் ஒலிப்பதிவு எப்போது எடுத்தது என்று தடயவியலில் கண்டுபிடிக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை உறுமலும் நேற்றைய உறுமலும் கொஞ்சம் விலகி நின்றதால் ஒன்றோடொன்று உரசி, ஏறக்குறைய ஏழு விநாடிக்கு ஒருமுறை வீங்கி வடிந்தன. யாரோ மெதுவாக மூச்சு விடுவது போல. ஹெட்போனைக் கழற்றினால் மூச்சு நின்றுவிடும். இத்தனை நாளாக அந்த உறுமலை வடிகட்டித் தூக்கி எறிந்துகொண்டிருந்தேன் என்பதை நினைத்தால் வயிறு எரிகிறது. இதற்கும் ஃபிரிட்ஜ் இரண்டு தடவையும் ஓடிக்கொண்டிருக்க வேண்டும்; பாதி நேரம் அது சரியான இடத்தில் வாயை மூடிக்கொள்கிறது.

மைக் கேப்ஸ்யூல் (மைக்கில் ஒலியைப் பிடிக்கும் சின்னப் பாகம்) பற்றி ஒரு புலம்பல். ஆறு வாங்கியதில் இரண்டுதான் ஒன்றுக்கொன்று ஒத்துப்போயின. ஒரு ஜோடியில் 2 டெசிபலுக்கு மேல் வித்தியாசம், அறையே இடப்பக்கம் சாய்ந்துவிட்டது. ஜோடி பார்த்துத்தான் அனுப்புகிறோம் என்று விற்றவர் சாதித்தார். இனிமேல் ஒன்றாக டேப் சுற்றி ஒரே இரைச்சலை இரண்டுக்கும் கொடுத்து அளக்காமல் சால்டரிங் பக்கமே போவதில்லை.

வாசனையையும் முயன்றேன், கைவிட்டேன். ஒலியை நினைத்த நொடியில் நிறுத்தலாம், வாசனை அறையை விட்டுப் போவதில்லை. அது இருக்கும்போதே மூக்கும் பழகிவிடுகிறது.

மொத்தம் ஒன்பது நிமிடம் என்று திட்டம், ஆறு முடிந்திருக்கிறது. கடைசிக் காட்சியில் முன்பு உட்கார்ந்திருந்தவர் எழுந்து போக வேண்டும். அதற்கான வசனத்தை எழுதாமல், நாற்காலிக்கு அடியில் அதிர்வு டிரான்ஸ்டியூசர் (ஒலி சமிக்ஞையைப் பலகையின் அதிர்வாக மாற்றும் கருவி) மாட்ட இடம் அளந்துகொண்டிருக்கிறேன். அவர் எழுந்ததும் பலகை லேசாக மேலே எழும்புவது உட்கார்ந்திருப்பவருக்குத் தொடையில் தெரிந்தாக வேண்டும். நாலு திருகு போட இடமிருக்கிறது. பலகை தாங்குமா என்பதுதான் சந்தேகம்.