உ.வே.சா.வைத் தேடிப் போகிறவர்கள் கும்பகோணத்தில் தங்குங்கள்

பழந்தமிழ் நூல்களை ஏடுகளிலிருந்து பதிப்பித்த உ.வே.சாமிநாதையரின் ஊர் உத்தமதானபுரம். கும்பகோணத்தில் கார்க்காரரிடம் அந்தப் பெயரைச் சொன்னால், நவக்கிரகச் சுற்றுலாவின் ரேட்டைத்தான் சொல்கிறார். ஒன்பது கோயில் சுற்றுகிற பணத்தை ஓர் ஊருக்குக் கொடுப்பது அநியாயம். பாபநாசம் வரை பஸ் போதும், அங்கிருந்து ஆட்டோ. போக, வர, அரைமணி காத்திருக்க என்று மூன்றுக்கும் சேர்த்துப் பேசி முடித்த பிறகே ஏறுங்கள். போகிற வாடகையை மட்டும் பேசினால் திரும்பும்போது கேட்டதைக் கொடுத்தே ஆக வேண்டும், ஏனென்றால் ஊருக்குள் வேறு வண்டி சுலபத்தில் கிடைக்காது. டிக்கெட் போடும்போதும் கவனம்: இது தஞ்சாவூர் மாவட்டத்துப் பாபநாசம். தாமிரபரணிக் கரைப் பாபநாசம் வேறு.

1855 பிப்ரவரி 19 அன்று பிறந்த உ.வே.சா.வுக்குச் சொந்த ஊர் உத்தமதானபுரம். அங்கே அரசின் நினைவில்லம் இருக்கிறது. பார்க்க அதிக நேரம் ஆகாது. ஆனால் பலரும் அதோடு பயணத்தை முடித்துக்கொள்கிறார்களே, அதுதான் ஆதங்கம்! அவர் பதிப்பாசிரியர் ஆனது கும்பகோணத்தில்.

1880-இல் தமிழாசிரியர் தியாகராச செட்டியார் ஓய்வுபெற்றபோது, காவிரிக்கரை அரசுக் கல்லூரியில் தம் இடத்துக்கு இவரைக் கொண்டுவந்தார். அதே ஆண்டு ஊருக்கு முன்சீபாக, அதாவது நீதிபதியாக வந்த சேலம் இராமசாமி முதலியார், இவர் தாம் படித்ததாக வரிசையாகச் சொன்ன அந்தாதி, பிள்ளைத்தமிழ், கோவை எதற்கும் அசையவில்லை. சீவக சிந்தாமணி என்ற காப்பியத்தைப் படித்ததுண்டா என்று கேட்டார். அந்தக் கேள்விதான் எல்லாவற்றுக்கும் தொடக்கம். அதன் ஓலைச்சுவடிகளில் ஏட்டுக்கு ஏடு பாடம் மாறியது, பழைய உரையாசிரியர் நச்சினார்க்கினியரின் உரையில் சமணக் கொள்கை புரியவில்லை. உள்ளூர்ச் சமணர்களிடம் போய்க் கேட்டுத் தெளிந்தார். 1887-இல் சீவக சிந்தாமணி, 1889-இல் பத்துப்பாட்டு, 1892-இல் சிலப்பதிகாரம், 1894-இல் புறநானூறு, 1898-இல் மணிமேகலை: ஐந்தும் அவர் இங்கே வாத்தியார் வேலை பார்த்துக்கொண்டே கொண்டுவந்தவை. சென்னை மாநிலக் கல்லூரிக்கு மாறியது 1903-இல்தான். இன்றும் பாடம் நடக்கிற கல்லூரி என்பதால் வாசலில் அனுமதி கேட்டு நுழையுங்கள்.

சாப்பாட்டுக்குக் கவலையே வேண்டாம். இட்லிக்குப் பாசிப்பருப்பும் உருளைக்கிழங்கும் போட்ட கடப்பா, அதன்மேல் ஒரு டிகிரி காபி. செலவும் கையைக் கடிக்காது, ருசிக்கோ ஈடில்லை! கடப்பா எல்லாக் கடையிலும் எல்லா நாளும் இருக்காது, கேட்டுவிட்டு உட்காருங்கள். நெடுஞ்சாலையில் பித்தளை டபராவைக் காட்டி அழைக்கும் கடைகளை நம்பாதீர்கள். ஊருக்குள் குடியுங்கள்.

திருவாவடுதுறையை முதலில் சொல்லியிருக்க வேண்டும், ஏனென்றால் அங்கே காலையிலேயே போய்விட வேண்டும். உச்சிவேளைக்குப் பிறகு கோயில் நடை சாத்திவிடுவார்கள். மயிலாடுதுறை பாசஞ்சரில் நரசிங்கன்பேட்டையில் இறங்குவது மலிவு, எக்ஸ்பிரஸ் நிற்காது. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் இவர் பாடம் கேட்ட மடம் திருவாவடுதுறையில்தான் இருக்கிறது. 1876-இல் பிள்ளை மறைந்த பிறகும் மடத்தின் தலைவர் சுப்பிரமணிய தேசிகர் இவரை ஆதரித்தார்.

கிளம்புமுன் அவர் சுயசரிதையான 'என் சரித்திரம்' படித்துவிடுங்கள். 1940 முதல் ஆனந்த விகடனில் வந்தது, 1942 ஏப்ரல் 28 அன்று அவர் மறைந்ததால் முற்றுப்பெறவில்லை. மதுரைத் திட்டம் என்ற இணையத் தமிழ் நூல் தொகுப்பில் இலவசமாகவே கிடைக்கிறது. சென்னைக்காரர்கள் திருவல்லிக்கேணிக்கு ஆட்டோ செலவு செய்ய வேண்டாம், அவர் வாழ்ந்த தியாகராஜ விலாசத்தை இடித்துவிட்டார்கள். நேரே பெசன்ட் நகர் உ.வே.சா. நூலகத்துக்குப் போங்கள். அவர் பதிப்புகளை அங்கேயே வாங்கலாம்.