ரோனி பார்க்கரும் நாலு மெழுகுவர்த்தியும்

இங்கிலாந்து காமெடி நடிகர் ரோனி பார்க்கரோட காமெடிய எத்தன தடவ பாத்தாலும் எனக்கு அலுக்கவே அலுக்காது. 1929ல பெட்ஃபோர்டுல பொறந்தவர், கொஞ்ச நாள் பேங்க்ல கிளார்க்கா இருந்துட்டு நாடகத்துக்கு வந்தவர். பிபிசில ரோனி கார்பெட்டோட சேந்து பண்ண ‘தி டூ ரோனிஸ்’ங்கிற டிவி காமெடி ஷோ 1971ல இருந்து 1987 வரைக்கும் ஓடுச்சு, நடுவுல ‘பாரிஜ்’ங்கிற காமெடி சீரியல்ல ஜெயில் கைதி ஃப்ளெட்ச்சரா வேற பின்னிருப்பாரு.

1976ல வந்த அந்த ஹார்டுவேர் கடை காமெடி இருக்கே, பார்க்கர் கடைக்குள்ள வந்து கேக்குறது கடைக்காரர் கார்பெட் காதுல “ஃபோர் கேண்டில்ஸ்”னு விழுது, அவரும் நாலு மெழுகுவர்த்திய எடுத்து வைக்கிறாரு, ஆனா இவரு கேட்டது தோட்டத்துல மண்ணு கிளறுற ஃபோர்க்குக்குப் பிடி, அதாவது ‘ஃபோர்க் ஹேண்டில்ஸ்’, அந்த ‘ஹேண்டில்’ல இருக்குற ‘ஹ’வ முழுங்கிட்டுப் பேசுறதுதான் மொத்த விஷயமே! இதுல பார்க்கர் மூஞ்சில சிரிப்பே இருக்காது, வாங்க வந்தத வாங்கிட்டுப் போகணும், அவ்ளோதான்.

எழுதுனதும் அவரேதான், ஆனா ஜெரால்ட் வைலிங்கிற பேர்ல. தன் பேரப் பாத்துட்டு யாரும் தலையாட்டக் கூடாது, எழுத்து நல்லா இருந்தா மட்டும் எடுக்கட்டும்னு நெனச்சாராம். எவ்ளோ பெரிய மனசு பாருங்க.

புகழோட உச்சில இருக்கும்போதே நடிப்ப விட்டுட்டு சிப்பிங் நார்ட்டன்ல பழம்பொருள் கடை வெச்சாரு. 2005ல போயிட்டாரு. அடுத்த வருஷம் லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் அபே சர்ச்ல நடந்த நினைவுக் கூட்டத்துல வழக்கமா ரெண்டு மெழுகுவர்த்திதான் ஏந்திட்டு வருவாங்களாம், அன்னைக்கு நாலு ஏந்திட்டு வந்தாங்க.