காய்ந்த இலைக்குக் கண் இருந்தது

"கண்டோ சாரே?" என்று மூன்றாவது முறையாகக் கேட்டார் வழிகாட்டிச் சேட்டன்.

"இல்லை சேட்டா."

எனக்கும் அந்தப் புதருக்கும் நடுவே பத்தடி இருந்தால் அதிகம். கொடிகள் பின்னிக் கிடந்த புதர், அதில் சிக்கித் தொங்கும் சருகுகள். அந்தச் சருகுகளில் இரண்டு சருகே இல்லை, பறவை என்கிறார் அவர். பக்கத்தில் நண்பன் கேமராவைக் கண்ணோடு ஒட்டிக்கொண்டு சடசடவென்று எடுத்துத் தள்ளிக்கொண்டிருந்தான். அவனுக்குத் தெரிந்துவிட்டது, எனக்குத் தெரியவில்லை என்பது தனி எரிச்சல். (பிறகு விசாரித்தால், அவனுக்கும் அப்போது தெரியவில்லையாம். சேட்டன் கை காட்டிய பக்கமாகக் குத்துமதிப்பாக எடுத்தானாம்.)

தட்டேக்காட்டுக்கு நாங்கள் போனது ஒரு பிப்ரவரியில். ஆலுவாவில் ரயிலை விட்டு இறங்கி கோதமங்கலத்துக்கு ஒரு பஸ், அங்கிருந்து இன்னொரு பஸ். பெரியாற்றங்கரையில் 25 சதுர கிலோமீட்டர்தான் மொத்தச் சரணாலயமும். 1930-களில் திருவிதாங்கூர்ப் பறவைகளைக் கணக்கெடுக்க வந்த சாலிம் அலி இந்தக் காட்டைப் பார்த்து அசந்துபோனார். 1983-இல் இது சரணாலயம் ஆனபோது அவர் பெயரையே வைத்தார்கள். இங்கே வருகிறவர்களில் நிறையப் பேர் ஒரே ஒரு பறவைக்காக வருகிறார்கள். தமிழில் தவளைவாயன். உள்ளூரில் மாக்காச்சிக்காட. மேற்குத் தொடர்ச்சி மலையையும் இலங்கையையும் விட்டால் உலகத்தில் வேறு எங்கும் கிடையாது.

"வளைஞ்ச கொடி தெரியுதா? அதுக்குக் கீழே வாங்க. இலை ஒண்ணு, ரெண்டு, மூணு. அந்த மூணாவது இலைக்கு மூக்கு இருக்கு பாருங்க."

சேட்டன் பாதித் தமிழும் பாதி மலையாளமுமாகச் சொல்லச் சொல்ல நானும் எண்ணினேன். ஒன்று, இரண்டு, மூன்று. மூன்றாவது இலைக்கு மூக்கு இருந்தது. மூக்கைச் சுற்றி மீசை மாதிரி மயிர். அப்புறம், நூல் அளவுக்குத் திறந்திருந்த ஒரு கண். அது என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது, அநேகமாக முதலிலிருந்தே.

அந்தக் கணத்துக்குப் பிறகு அதை மறுபடி இலையாகப் பார்க்கவே முடியவில்லை. இதுதான் விசித்திரம். ஐந்து நிமிடம் இல்லாத பறவை, தெரிந்த பிறகு இல்லாமல் போகமாட்டேன் என்கிறது. மைனா அளவுதான் இருக்கும். செம்பழுப்பாக, நன்றாக உலர்ந்த இலை நிறத்தில் இருந்தது பெண். அதன் தோளோடு தோள் ஒட்டிக்கொண்டு சாம்பலும் பழுப்புமாக, பூஞ்சை பிடித்த மட்கிய இலை போல இருந்தது ஆண். இறகின் ஓரங்களில் இலை அரித்ததுபோல வெள்ளைப் புள்ளிகள். நண்பன் அரை அடி முன்னால் போனதும் ஆண் தன் அலகை மெல்ல மேலே தூக்கியது. கடிகாரத்தின் பெரிய முள் நகருமே, அந்த வேகத்தில். தூக்கி முடித்ததும் ஒடிந்த கிளை நுனி. அவ்வளவுதான், பறவை முடிந்தது.

இத்தனை நுணுக்கமான வேலையை யார் செய்தது என்று நின்றபடியே யோசித்துக்கொண்டிருந்தேன். தவளைவாயன் தன் இறகில் ஒரு புள்ளிகூட வைத்துக்கொள்ளவில்லை. அத்தனையையும் வைத்தது அதைத் தின்ன வந்தவர்களின் கண். கொஞ்சம் பறவைபோலத் தெரிந்தவை மாட்டின, கொஞ்சம் இலைபோலத் தெரிந்தவை தப்பிக் குஞ்சு பொரித்தன. பல்லாயிரம் தலைமுறையாகப் பருந்தும் மரநாயும் பார்த்துப் பார்த்துச் செதுக்கிய சிற்பம் அது. என் கண் ஐந்து நிமிடம் தோற்றதில் அவமானம் ஒன்றும் இல்லை என்று தேற்றிக்கொண்டேன்.

சேட்டன் கண் மட்டும் எப்படித் தோற்கவில்லை? கேட்டேன். சிரித்துக்கொண்டே உண்மையைச் சொல்லிவிட்டார். இந்தப் பறவை பகல் முழுக்க அசையாமல் தூங்கும், யாரும் தொந்தரவு செய்யாவிட்டால் மாதக்கணக்கில் அதே கொம்பில் வந்து உட்காரும். நேற்றும் இங்கேதான் இருந்தது, முந்தாநாளும் இங்கேதான்.

என் சட்டையைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். இந்தப் பயணத்துக்கென்றே பச்சையும் பழுப்பும் திட்டுத் திட்டாகக் கலந்த சட்டை ஒன்றை ஆன்லைனில் வாங்கியிருந்தேன். சேட்டன் அதை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "சட்டை நல்லாத்தான் இருக்கு சாரே. உள்ளே இருக்கிற ஆளு அசையாம இருக்கணும்" என்றார். அவர் போட்டிருந்தது வெளுத்துப்போன காக்கி. 'காக்' என்றால் பாரசீகத்தில் மண், தூசி. 1846-இல் பெஷாவரில் ஆங்கிலேயர்கள் திரட்டிய ஒரு படைதான் முதலில் இந்த மண் நிறத்துக்கு மாறியது. அதுவரை போருக்குப் போகிறவன் எதிரி கண்ணில் பளிச்சென்று படுவதுதான் கௌரவம். பிரெஞ்சுச் சிப்பாய்கள் 1914-இல்கூடச் சிவப்புக் கால்சட்டையோடு போனார்கள். இயந்திரத் துப்பாக்கிக்கு முன்னால் அந்தக் கௌரவம் சில வாரங்கள்கூடத் தாங்கவில்லை. மறு வருடமே ஓவியர்களைக் கூட்டி ஒளிமறைவுக்கென்றே தனிப் பிரிவு தொடங்கினார்கள். காடு லட்சக்கணக்கான வருடம் எடுத்துக்கொண்ட பாடம், இவர்களுக்கு ஒரு வருடத்தில் முடிந்தது. விலை மட்டும் இரண்டு இடத்திலும் ஒன்றுதான்.

பத்து மணி வாக்கில் ஒரு பாறைமேல் உட்கார்ந்திருந்தோம். தலைக்கு மேலே எங்கோ வல்லூறு கத்தியது. நான் சட்டென்று வானத்தைப் பார்த்தேன். வல்லூறு இல்லை. மறுபடி கத்தல், உடனே அதே இடத்திலிருந்து சிலம்பன்கள் கூட்டமாகக் கலகலப்பது போல ஒரு சத்தம். சேட்டன் விரலைக் காட்டினார். கிளையில் ஒரே ஒரு கருப்புப் பறவை. வாலிலிருந்து இரண்டு கம்பிகள் நீண்டு, நுனியில் துடுப்பு போல இறகு. துடுப்புவால் கரிச்சான். மலையாளத்தில் அதற்குக் காடுமுழக்கி என்று பெயர், இதைவிடப் பொருத்தமாக ஒரு பறவைக்குப் பெயர் வைக்க முடியாது. இலங்கையின் சிங்கராஜா காட்டில் இதை வருடக்கணக்கில் கவனித்தவர்கள், மற்றப் பறவைகளின் குரலில் கூப்பிட்டு அவற்றை இது தன்னோடு கூட்டம் சேர்க்கிறது என்கிறார்கள். கூட்டம் நகரும்போது கிளம்பும் பூச்சிகளைப் பிடிக்க அதற்கு வசதி.

சேட்டனும் சும்மா இருக்கவில்லை. உதட்டைக் குவித்து ஆந்தைபோல மெல்ல விசிலடித்தார். இரண்டே நிமிடத்தில் சிட்டுகளும் ஈபிடிப்பான்களும் எங்களைச் சுற்றிக் கிளைகளில் வந்து கத்த ஆரம்பித்தன. பகலில் ஆந்தையைக் கண்டால் சின்னப் பறவைகள் ஒன்றுகூடி விரட்டும். ஆந்தை எங்கே என்று அவை தேடிக்கொண்டிருக்க, நாங்கள் அவற்றைப் பார்த்துக்கொண்டிருந்தோம். கொஞ்சம் குற்ற உணர்வாகத்தான் இருந்தது. அவரும் அதற்கு மேல் செய்யவில்லை.

"சேட்டா, நீங்க பெரிய மிமிக்ரி ஆர்ட்டிஸ்ட்!"

அவர் முகம் மலர்ந்துவிட்டது. சின்ன வயதில் கோயில் திருவிழா மேடைகளில் மிமிக்ரி செய்தவராம். இது மிமிக்ரியின் சொந்த ஊர்ப் பக்கம் என்பதை நான் மறந்தே போயிருந்தேன். இங்கிருந்து அறுபது கிலோமீட்டர் தள்ளிக் கொச்சியில் கலாபவன் என்ற அமைப்பு 1981-இல் 'மிமிக்ஸ் பரேட்' என்று ஒரு நிகழ்ச்சியை மேடையேற்றியது. அதுவரை பாட்டுக் கச்சேரிக்கு நடுவே ஊறுகாயாக இருந்த மிமிக்ரி, அன்றிலிருந்து தனிச் சாப்பாடு ஆயிற்று. நம் ஊரில் எல்லோருக்கும் தெரிந்த ஜெயராம் கலாபவனிலிருந்து வந்தவர்தான். 1988-இல் வந்த அவரது முதல் படத்தில், தன்னைப்போலவே இருக்கும் இன்னொருவனால் அல்லல்படும் ஆள் வேடம். யார் யோசித்து இந்தப் பொருத்தத்தைச் செய்தார்களோ!

சேட்டன் எழுந்து நின்றார். தோளை நிமிர்த்தி, தாடையை இறுக்கி, அடிவயிற்றிலிருந்து ஒரு வசனம். பழைய நடிகர் ஜெயனாம். நண்பன் விழுந்து விழுந்து சிரித்தான். பாலக்காட்டில் மாமா வீட்டில் வளர்ந்தவன், ஜெயன் படம் எல்லாம் பார்த்திருக்கிறான். நான் பல்லைக் காட்டினேனே தவிர, எனக்கு ஒன்றும் ஏறவில்லை. ஒரு மனிதர் கட்டைக் குரலில் பேசினார், அவ்வளவுதான்.

இது நடந்து ஒரு மணி நேரம் கழித்துத்தான் விஷயம் பிடிபட்டது. பாதையோர உண்ணிச்செடிகளில் பட்டாம்பூச்சிகள் மொய்த்துக்கொண்டிருந்தன. கருப்பு இறக்கை, பின் இறக்கையில் ரத்தச் சிவப்புப் பொட்டுகள். கிரிம்சன் ரோஸ் என்று நான் பெருமையாகச் சொன்னேன்.

"அது கிரிம்சன் ரோஸ். பக்கத்திலே இருக்கிறது இல்லை" என்றார் சேட்டன்.

இரண்டையும் மாறி மாறிப் பார்த்தேன். அதே கருப்பு, அதே சிவப்புப் பொட்டு. "உடம்பைப் பாருங்க." குனிந்தேன். ஒன்றின் உடல் குங்குமம் பூசியதுபோலச் சிவப்பு. மற்றதன் உடல் கருப்பு. முழு ஒப்பனையும் போட்டுக்கொண்டு உடம்புக்கு மட்டும் சாயம் பூச மறந்த வேஷக்காரி அது. காமன் மார்மன் என்ற இனத்தின் பெண். கிரிம்சன் ரோஸ் புழுவாக இருக்கும்போது ஈஸ்வரமூலி வகைக் கொடிகளைத் தின்று அதன் நஞ்சை உடம்பில் சேர்த்துக்கொள்கிறது. மார்மன் தின்பது எலுமிச்சை, கறிவேப்பிலை. நஞ்சு கிடையாது, நஞ்சுக்காரியின் புடவை மட்டும் உண்டு. இதே இனத்தின் பெண்களில் சில இன்னொரு நஞ்சுப் பூச்சியைப்போல இருக்கும், சில ஆணைப்போலவே சாதாரணமாக இருக்கும். இவை எல்லாம் ஒரே இனத்துப் பெண்கள்தான் என்று 1865-இல் ஆங்கிலேய இயற்கை ஆய்வாளர் வாலஸ் எழுதினார். இந்த வேஷ மாற்றத்தை நடத்துவது ஒரே ஒரு மரபணு என்று 2014-இல் கண்டுபிடித்தார்கள்.

வாலஸோடு 1848-இல் அமேசானுக்குக் கப்பல் ஏறி, அவர் திரும்பிய பிறகும் தங்கி மொத்தம் 11 வருடம் பூச்சி பிடித்த ஹென்றி பேட்ஸ்தான் இந்தத் தந்திரத்தை முதலில் விளக்கியவர், 1862-இல். அவர் சொன்னதன் சாரம் இது: அசலை ஒரு தடவை கடித்து, துப்பி, அவதிப்பட்ட பறவைதான் நகலை விட்டுவைக்கும். அசல் நிறைய இருக்க வேண்டும், நகல் குறைவாக இருக்க வேண்டும். நகல் பெருகினால், பறவை முதலில் கடிப்பதே நகலாகிவிடும், குட்டு உடைந்துவிடும்.

அதாவது கூட்டை விட்டு நேற்றுப் பறந்த குஞ்சிடம் மார்மனின் வேஷம் எடுபடாது. என்னிடம் ஜெயன் எடுபடாதது போல. ஏமாறுவதற்கும் ஒரு படிப்பு வேண்டும், நான் அந்தப் படத்தைப் பார்க்கவில்லை! ஒரு வித்தியாசம் உண்டு. மார்மனுக்கு, தான் நகல் என்று பார்க்கிறவருக்குத் தெரியக்கூடாது. சேட்டனுக்குத் தெரிந்தால்தான் கைதட்டு.

சுந்தரவனத்தில் 1980-களில் தேனெடுக்கப் போகிறவர்கள் பிடரியில் மனித முகமூடி கட்டிக்கொண்டு போனார்கள். புலி பின்னாலிருந்துதான் பாயும், முகம் தன்னைப் பார்க்கிறது என்று நினைத்தால் தயங்கும் என்ற கணக்கு. முதலில் நன்றாகவே பலித்தது. பிறகு புலிகளும் படித்துவிட்டன என்கிறார்கள்.

சாயங்காலம் தங்கின இடத்தின் மாமரத்தில் முசுறு ஏறிக்கொண்டிருந்தது. அதில் ஒன்று மட்டும் வரிசையில் சேராமல் ஒதுங்கி ஒதுங்கி நடந்தது. இன்னொரு எறும்பைத் தூக்கிக்கொண்டு போவதுபோல இருந்தது. கால்களை எண்ணினேன். எட்டு. முன்காலிரண்டையும் உயர்த்தி உணர்கொம்புபோல ஆட்டிக்கொண்டிருந்தது ஒரு சிலந்தி. தூக்கிப்போன எறும்பு என்று நான் நினைத்தது அதன் நீண்ட தாடை. விரலை நீட்டியதும் நூலில் தொங்கி இறங்கிவிட்டது. எறும்பு அப்படிச் செய்யாது. பயந்தால் வேஷம் கலைந்துவிடுகிறது, பாவம்.

ராத்திரி கொசுவலைக்குள் படுத்துக்கொண்டு திருக்குறளைப் போனில் புரட்டினேன். புலித்தோல் போர்த்துப் பயிர் மேய்ந்த பசு எந்தக் குறளில் வருகிறது என்று பார்க்கத்தான். 273. அடுத்த குறளிலேயே, 274-இல், புதரில் மறைந்து பறவை பிடிக்கும் வேடன். இந்தப் பக்கம் மார்மன், அந்தப் பக்கம் பறவைக்குப் பதில் வேடனை வைத்த அதே புதர். போலித்தனம், ஒளிமறைவு இரண்டையும் அடுத்தடுத்து நிறுத்தியிருக்கிறார் மனுஷர். இரண்டும் அவருக்குக் கூடா ஒழுக்கம். பொய்த் துறவிகளைத் திட்டுகிற இடம் என்பதால் நியாயம்தான். ஆனாலும் தவளைவாயனை ஒரு தடவை பார்த்திருந்தால் ஏதாவது ஓர் அதிகாரத்தில் நல்ல வார்த்தை ஒன்று சொல்லியிருப்பார் என்று தோன்றியது.

மறுநாள் காலை, கிளம்பும் முன், நாங்கள் இருவர் மட்டும் அந்தப் புதருக்குப் போனோம். சரணாலயத்துக்கு வெளியே பாதையோரம்தான் அது. வளைந்த கொடி இருந்தது. ஒன்று, இரண்டு, மூன்று. மூன்றாவது இலைக்கு மூக்கு இல்லை. நான்காவதுக்கும் இல்லை. இருபது நிமிடம் நின்றோம். முந்தின நாள் படத்தைப் பெரிதாக்கி வைத்துக்கொண்டு, கொடிக்குக் கொடி ஒப்பிட்டுப் பார்த்தோம். நண்பன் ஒரு சருகைக் காட்டி அதுதான் என்றான். காற்று வந்ததும் அது கீழே விழுந்தது.

பஸ் நிறுத்தத்தில் சேட்டனைப் பார்த்தோம். வேறு இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு போய்விட்டுத் திரும்பிக்கொண்டிருந்தார்.

"மாக்காச்சிக்காட பறந்து போயிடுச்சு சேட்டா" என்றேன்.

"எப்போ போனீங்க?"

"ஏழரைக்கு."

சேட்டன் தன்னோடு வந்தவரைப் பார்த்தார். அவர் கேமராவைத் திருப்பி என்னிடம் நீட்டினார். அதே கொடி. செம்பழுப்பில் ஒன்று, சாம்பலில் ஒன்று. மூலையில் நேரம் போட்டிருந்தது, 7.50.

"அவிடெத்தன்னெ உண்டு சாரே" என்றார் சேட்டன். கோதமங்கலம் பஸ் வந்துவிட்டது.