எஸ்ரா கார்னெல் வாழ்க்கைத் தொகுப்பு: சட்டமன்றப் பகுதி முடிந்தது

கார்னெல் பல்கலைக்கழகத்தை நிறுவியவரும், நியூயார்க் மாநிலம், இத்தாக்கா ஊர்த் தொழிலதிபருமான எஸ்ரா கார்னெலின் (1807–1874) வாழ்க்கையைத் தேதிவாரியாகத் தொகுக்கும் வேலை சட்டமன்றக் காலம் வரை வந்துவிட்டது. எக்செல் தாளில் ஐந்து பத்தி போதும்: தேதி, இடம், தொழில் அல்லது பதவி, கைமாறிய பணம், ஆதாரம். பணப் பத்தியை மட்டும் விட்டுவிடாதீர்கள். அவருடைய தொழிலையும் அரசியலையும் இணைப்பது அதுதான்.

இளமைப் பகுதி சீக்கிரம் நிரம்பிவிடும். 1828-இல் இத்தாக்காவுக்கு வந்தார். தச்சு வேலை, பிறகு ஜெரமையா பீபியின் மில்களில் பொறுப்பு. 1842-இல் ஒரு கலப்பையின் விற்பனை உரிமையை வாங்கிக்கொண்டு வெளி மாநிலங்களுக்குக் கிளம்பினார்.

அந்தக் கலப்பை விற்பனைதான் அவரைத் தந்திக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தது. வாஷிங்டன்–பால்டிமோர் தடத்துக்கு 1843-இல் காங்கிரஸ் 30,000 டாலர் ஒதுக்கியது. ஈயக் குழாய்க்குள் கம்பியை வைத்து மண்ணில் புதைப்பது திட்டம். பள்ளம் கீறி, குழாயை இறக்கி, மண்ணையும் மூடிவிடும் கலப்பை ஒன்றைக் கார்னெல் செய்தார். ஆனால் குழாய்க்குள் கம்பியின் காப்பு சரியில்லை, மின்சாரம் கசிந்தது. விஷயம் வெளியே தெரியாமல் வேலையை நிறுத்தத் தந்தித் திட்டத்தை நடத்திய சாமுவேல் மோர்ஸ் விரும்பியதால், கார்னெல் வேண்டுமென்றே கலப்பையைப் பாறையில் மோதவிட்டு உடைத்தார். ஆகவே இந்த வரியில் 'விபத்து' என்று போடக்கூடாது. பிறகு கம்பி மரக் கம்பங்களில் ஏறியது. 1844 மே 24 அன்று முதல் அதிகாரபூர்வச் செய்தி போனது. அடுத்தடுத்துத் தடம் போட்டதற்குக் கிடைத்ததில் பெரும்பங்கைப் பங்குகளாகவே வைத்துக்கொண்டார். 1856-இல் வெஸ்டர்ன் யூனியன் தந்தி நிறுவனம் உருவானபோது அவை பெருஞ்செல்வமாயின.

சட்டமன்ற வரிகளில்தான் பலரும் சறுக்குகிறார்கள். நியூயார்க்கில் நவம்பரில் தேர்தல், ஜனவரியில் கூட்டத்தொடர். 1861-இல் தேர்வானவர் உட்கார்ந்தது 1862-இல். அன்று கீழவைப் பதவிக்காலம் ஓராண்டு, செனட்டுக்கு ஈராண்டு. கீழவை 1862–63, செனட் 1864–67 என்று பதிந்து, தேர்தல் ஆண்டைத் தனி வரியாக வையுங்கள். இல்லாவிட்டால் எல்லாத் தீர்மானமும் ஓராண்டு முன்னே போய்விடும். 1873-இல் கீழவைத் தலைவராக இருந்த கார்னெல் இவர் மகன் அலோன்சோ. பின்னாளில் ஆளுநரானவரும் அவரே. முதற்பெயர் இல்லாத குறிப்பு எதையும் ஆண்டு பார்க்காமல் சேர்க்க வேண்டாம்.

இந்தத் தொகுப்பிலேயே கனமான பகுதி 1864–65. கல்லூரிகளுக்காக மாநிலங்களுக்கு மத்திய அரசின் நிலத்தை வழங்கிய மோரில் சட்டப்படி (1862) நியூயார்க்குக்குக் கிடைத்தது 9,89,920 ஏக்கருக்கான நிலப் பத்திரம், அதாவது வேறிடத்து அரசு நிலத்தைப் பெறும் உரிமைச் சீட்டு. அதில் பாதியை ஓவிட் வேளாண் கல்லூரிக்குக் கொடுக்கலாம் என்றார் கார்னெல். செனட் கல்விக் குழுத் தலைவர் ஆண்ட்ரூ டிக்சன் ஒயிட் பிரிக்கவே கூடாது என்று நின்றார். கடைசியில் இறங்கிவந்தவர் கார்னெல். முழு மானியமும் ஒரே பல்கலைக்கழகத்துக்கு என்றால், 5 லட்சம் டாலரும் தன் பண்ணை நிலமும் தருவதாகச் சொன்னார். மற்றக் கல்லூரிகளின் எதிர்ப்பைத் தணிக்க ஜெனசீ கல்லூரிக்கு 25,000 டாலர் என்ற நிபந்தனையும் அவர் தலையில் விழுந்தது. 1865 ஏப்ரல் 27 அன்று மசோதா சட்டமானது. அந்த 25,000-ஐ 5 லட்சத்தோடு கூட்டாமல் தனி வரியில் எழுதுங்கள். மாநில அரசு பிறகு அதைத் திருப்பித் தந்துவிட்டது.

அடுத்து நிலக் கணக்கு. பத்திரம் பெற்ற மாநிலம் அதை வைத்து இன்னொரு மாநிலத்துக்குள் நிலம் எடுக்க மோரில் சட்டம் அனுமதிக்கவில்லை. பத்திரத்தை வாங்கிய தனி ஆளால் முடிந்தது. 1866-இல் மீதமிருந்த பத்திரங்களைக் கார்னெல் தன் பெயரில் எடுத்தது அதனால்தான். விஸ்கான்சினில் தேர்ந்த பைன் காடு மட்டும் சுமார் 5 லட்சம் ஏக்கர். விற்று வந்த லாபம் பல்கலைக்கழகத்துக்கே போகும் என்பது ஒப்பந்தம்; எனவே அந்த ஏக்கர்களை அவருடைய சொந்தச் சொத்து வரியில் சேர்க்காமல், பல்கலைக்கழகத்துக்கென்று தனித் தாள் திறக்க வேண்டும்.