கொழிஞ்சாம்பாறையிலிருந்து ஒரு டைகோ நாட்குறிப்பு

2025 ஜனவரி 5, ஞாயிறு

அடுத்த மாதம் கோவையில் ஒரு கல்லூரியில் நடக்கவிருக்கும் தாள விளையாட்டுப் போட்டிக்கு அக்காள் மகன் பெயர் கொடுத்திருக்கிறான். விளையாடப்போவது ஓசு என்னும் இலவசக் கணினி விளையாட்டின் டைகோ பிரிவு. ஆஸ்திரேலியரான டீன் ஹெர்பர்ட் 2007இல் வெளியிட்ட ஓசுவில் பாட்டுகளுக்கான மேப்புகளை, அதாவது எந்தக் கணத்தில் எதை அடிக்க வேண்டும் என்ற அமைப்புகளை, விளையாடுகிறவர்களே உருவாக்குகிறார்கள். டைகோ பிரிவு, நாம்கோ நிறுவனம் 2001இல் ஜப்பானிய விளையாட்டுக்கூடங்களுக்குக் கொண்டுவந்த மேள விளையாட்டை ஒட்டியது. வலமிருந்து இடமாக வட்டங்கள் ஓடிவரும். சிவப்பு என்றால் மேளத்தின் நடு, நீலம் என்றால் விளிம்பு. விசைப்பலகையில் நான்கே விசைகள்.

விதித்தாளை இருவரும் உட்கார்ந்து படித்தோம். ஒருவருக்கு ஒருவர் ஆட்டம். மூன்று பாட்டுகளை முதலில் வெல்பவர் மேலே போவார். ஒவ்வொரு பாட்டிலும் வெற்றியைத் தீர்மானிப்பது துல்லியச் சதவீதம் மட்டுமே. இந்தக் கடைசி விதியைப் பலர் மேலோட்டமாகப் படித்துவிட்டுப் போய்விடுவார்கள் என்பது என் ஊகம். ஓசுவின் சாதாரணப் பிரிவில், சர்வதேசப் போட்டிகளில் பயன்படும் இரண்டாம் புள்ளிமுறைப்படி, பத்து லட்சத்தில் ஏழு லட்சம் தொடர்ச்சிக்கும் (மிஸ் விடாமல் அடுத்தடுத்து அடிக்கும் காம்போவுக்கும்) மூன்று லட்சம் துல்லியத்துக்கும் உரியது. அங்கே பாட்டின் நடுவில் விழும் ஒரே ஒரு மிஸ் ஆளையே கவிழ்த்துவிடும். கிதார் ஹீரோ என்னும் தாள விளையாட்டில் முப்பது நோட்டுகளைத் தொடர்ந்து அடித்தால் நான்கு மடங்குப் புள்ளி. அதன்மேல், புள்ளியை இரட்டிப்பாக்கும் ஸ்டார் பவரை எந்த இடத்தில் திறப்பது என்று முன்கூட்டியே வழி வகுத்துவைத்திருப்பவர், அதே திறமையுள்ள இன்னொருவரை எளிதாக முந்திவிடுவார். பீட்மேனியா ஐஐடிஎக்ஸ் என்னும் விளையாட்டின் இஎக்ஸ் ஸ்கோர் புள்ளிமுறையிலோ தொடர்ச்சிக்கு மதிப்பே இல்லை. மிகச் சரியான அடிக்கு இரண்டு, அடுத்த தரத்துக்கு ஒன்று, அவ்வளவுதான்.

நம் போட்டி ஐஐடிஎக்ஸ் வகையைச் சேர்ந்தது. 800 நோட்டுள்ள ஒரு பாட்டில் ஒருவர் மிஸ்ஸே விடாமல் 40 நோட்டுகளை மட்டும் சற்று முன்பின்னாக அடித்தால், அத்தகைய அடிக்குப் பாதி மதிப்பு என்ற கணக்கில் அவருக்கு 97.5 சதவீதம் கிடைக்கும். எதிராளி 5 மிஸ் விட்டு, 20 நோட்டுகளை மட்டும் முன்பின்னாக அடித்தால் அவருக்கு 98.1. தொடர்ச்சி அறுந்ததும் பதறுகிற பழக்கத்தை மருமகன் முதலில் கைவிட வேண்டும். காம்போ எண்ணைத் திரையில் மறைத்துவைக்கச் சொன்னேன். "அது இல்லன்னா வெறுமையா இருக்குது மாமா" என்றான், இருக்கட்டும்.

ஜனவரி 9, வியாழன்

இன்று பிழையின் கணக்கு. நேரக் கண்டிப்பைக் குறிக்கும் ஓ.டி. எண் 5 உள்ள டைகோ மேப்பில் முழு மதிப்பு பெற, சரியான கணத்துக்கு 35 மில்லிநொடி முன்னோ பின்னோ அடித்திருக்க வேண்டும், ஓ.டி. ஏற ஏற அந்தச் சாளரம் குறுகி, 10இல் 20 மில்லிநொடி ஆகிவிடும். ஆட்டம் முடிந்ததும் இரண்டு எண்கள் காட்டப்படுகின்றன: சராசரியாக எவ்வளவு முந்தினோம் அல்லது பிந்தினோம் என்பது ஒன்று, அடிகள் எவ்வளவு சிதறின என்பது மற்றொன்று. சிதறலை அன்ஸ்டேபிள் ரேட் என்கிறார்கள். அதைப் பத்தால் வகுத்தால் மில்லிநொடியில் திட்டவிலக்கம் கிடைக்கும்.

நெல் தூற்றும்போது காற்று ஒரு பக்கமாக வீசினால் குவியல் முழுவதும் தள்ளி விழும். கை நடுங்கினால் குவியல் பரந்து விழும். இவை இரண்டும் வெவ்வேறு நோய்கள், மருந்தும் வேறு. மருமகனின் அன்ஸ்டேபிள் ரேட் வேகப் பாட்டுகளில் 150 அளவில் நிற்கிறது, அதாவது திட்டவிலக்கம் 15 மில்லிநொடி. கூடவே சராசரியாக 12 மில்லிநொடி முந்துகிறான். தாளத்தோடு விரல் தட்டும் ஆய்வுகளில், மனிதர்கள் பொதுவாகத் தாள ஒலிக்குச் சற்று முன்னரே தட்டிவிடுகிறார்கள் என்பது நெடுங்காலமாகத் தெரிந்த செய்தி. இசைப்பயிற்சி உள்ளவர்களிடம் அந்த முந்தல் குறைவு. 35 மில்லிநொடிச் சாளரத்தில் இவன் அடிகள் இயல்நிலைப் பரவலில் விழுவதாகக் கொண்டால், முந்தல் இருக்கும்போது நூற்றுக்கு ஆறு அடிகளுக்குமேல் வெளியே போகும். இந்த முந்தலை ஈடுகட்டும் ஆஃப்செட் எண்ணைத் திருத்தி நடுவுக்குக் கொண்டுவந்தால் இரண்டுதான் போகும். 800 நோட்டில் 51க்குப் பதிலாக 16. கையைத் தொடாமல், அமைப்புப் பக்கத்தில் ஓர் எண்ணை மாற்றியே சதவீதத்தை 96.8இலிருந்து 99க்கு ஏற்றிவிடலாம் என்றால், அதைச் செய்யாமல் விரல்பயிற்சியில் இறங்குவது வீண்.

ஆஃப்செட் ஆளுக்கு மட்டும் உரியதன்று, கருவிக்கும் உரியது. புளூடூத் இயர்போன் நூறு மில்லிநொடிக்குமேல் தாமதிப்பது சாதாரணம். தொலைக்காட்சித் திரையில் கேம் மோடு இல்லையென்றால் படமும் பின்தங்கும். ஒலிபெருக்கி தள்ளியிருந்தால் மீட்டருக்கு ஏறத்தாழ 3 மில்லிநொடி வீதம் காற்றிலேயே போய்விடும். ஆகவே வயருள்ள ஹெட்போனும் சொந்த விசைப்பலகையும் கோவைக்கு வரும்; அங்கே தரப்படும் முன்னோட்டப் பாட்டு விரல் சூடேற்றுவதற்கு மட்டுமல்லாமல், அடிகள் முந்துவதையும் பிந்துவதையும் காட்டும் பிழைக்கோட்டைப் பார்த்து ஆஃப்செட் வைப்பதற்கும் பயன்படும்.

ஜனவரி 14, செவ்வாய்

பொங்கல். பயிற்சி இல்லை. விசைப்பலகைச் சத்தம் இல்லாத வீடு எவ்வளவு நன்றாக இருக்கிறது என்று அக்காள் இருமுறை சொன்னாள்.

ஜனவரி 18, சனி

மருமகன் சிறுவயதில் சித்தூரில் ஓர் ஆசானிடம் செண்டை பயின்றவன். கருங்கல்லின்மேல் புளியங்கோலால் அடித்துச் சாதகம் செய்த கை இது. அந்தக் கை இந்த விளையாட்டில் எங்கே பயன்படுகிறது என்பதை இந்த வாரம்தான் எண்களில் பார்க்க முடிந்தது: 110 பிபிஎம் (நிமிடத்துக்கு 110 துடிப்பு) அளவுள்ள மெதுவான பாட்டுகளில் அவன் திட்டவிலக்கம் 11 மில்லிநொடிக்கு இறங்குகிறது. பெரும்பாலோர்க்கு இது தலைகீழாக நடக்கும். இரண்டு அடிகளுக்கிடையே காத்திருக்கும் நேரம் நீள நீள மனிதக் கையின் சிதறலும் கூடுவதே இயல்பு; வேகப் பாட்டில் விரல்கள் ஓட்டத்தில் தாமே ஒழுங்குபடும், மெதுவான பாட்டில் ஒவ்வொரு அடியையும் தனியாக வைக்க வேண்டியிருக்கும். வேகமானதே கடினம் என்று நினைத்து எல்லோரும் 200 பிபிஎம் பாட்டுகளையே பயில்கிறார்கள். மெதுவான பாட்டில் யார் எப்படி அடிக்கிறார்கள் என்று யாரும் பார்ப்பதில்லை.

கேரளத்துச் செண்டை மேளமான பஞ்சாரி மேளம் கேட்டவர்களுக்கு இது புதிதன்று. ஐந்து காலங்களில் அது நடக்கிறது: 96 அட்சரத்தில் தொடங்கி 48, 24, 12 என்று பாதிபாதியாகக் குறுகி 6இல் முடியும். கூட்டம் கை வீசுவது கடைசிக் காலத்துக்கு. கைத்திறம் சோதிக்கப்படுவதோ முதல் காலத்தில். ஆசானிடம் போய்க் கேட்டதற்கு அவர் சொன்னது ஒன்றுதான்: கோலைப் பார்க்காதே, பின்வரிசையில் இலத்தாளம் (வெண்கலத் தாளம்) என்ன செய்கிறது என்று கேள். திரையில் ஓடிவரும் வட்டங்களைத் துரத்தாமல் பாட்டின் அடித்துடிப்பைக் காதில் பிடித்துக்கொண்டு வட்டங்களை அதில் பொருத்துவதே இதன் விளையாட்டு வடிவம்.

பயிற்சியையும் அப்படியே அமைத்தோம். ஓசுவில் ஹாஃப் டைம் என்பது 0.75 மடங்கு வேகம், டபுள் டைம் என்பது 1.5 மடங்கு, முன்னதைப்போல் பின்னது சரியாக இரு மடங்கு, காலம் மாறுவதைப் போலவே. ஒரே பாட்டை ஹாஃப் டைமில் தொடங்கி, திட்டவிலக்கம் இறங்கிய பிறகே மேலே போகிறான்.

ஜனவரி 26, ஞாயிறு

நடை மாறும் இடங்களில்தான் அவனுக்கு மிஸ் விழுகிறது. 180 பிபிஎம் பாட்டில் ஒரு துடிப்பை நான்காகப் பிரித்தால் அடிக்கு 83 மில்லிநொடி. ஆறாகப் பிரித்தால் 56. மேப்பில் நான்கு திடீரென்று ஆறாக மாறி மீண்டும் நான்காகும்போது கை பழைய நடையிலேயே ஓடிவிடுகிறது. இதற்கு நம்மிடம் உள்ள சொற்கட்டைவிடச் சிறந்த கருவி எனக்குத் தெரியவில்லை. விசையைத் தொடாமல், மேப்பை ஓடவிட்டு வாயால் மட்டும் 'தகதிமி', 'தகிட தகிட' என்று சொல்லவைக்கிறேன். ஐந்தாக வரும் கொத்துக்குத் 'தகதகிட'. வாய் தடுமாறும் இடம் எதுவோ அதுவே கை தடுமாறும் இடமாகவும் இருக்கிறது.

இரண்டு கைகளையும் மாறிமாறிப் பயன்படுத்துவதா, வலக்கையை முதன்மையாக வைப்பதா என்னும் பழைய வழக்கில் நான் முழு மாற்றின் பக்கம். மூன்றாக வரும் கொத்துக்குப் பின் அடுத்த கொத்தை இடக்கை தொடங்க வேண்டியிருப்பது முதலில் உறுத்தும்; ஆனால் 180 பிபிஎம்மில் நொடிக்குப் பன்னிரண்டு அடி வரும்போது கைக்கு ஆறு என்று சமமாகப் பிரியும் முறைதான் பாட்டின் கடைசிவரை தாங்கும்.

பிப்ரவரி 2, ஞாயிறு

பாட்டுப் பட்டியல் வந்துவிட்டது. சாதாரணம் மூன்று, நேரக் கண்டிப்பு கூடும் ஹார்டு ராக் இரண்டு, டபுள் டைம் இரண்டு. சமநிலை வந்தால் மட்டும் ஆடப்படும் நீண்ட பாட்டு ஒன்று. ஒவ்வொருவரும் ஒரு பாட்டை விலக்கலாம். பிறகு மாறிமாறித் தேர்வு.

நன்றாக ஆடும் பாட்டைத் தேர்ந்தெடுப்பதே முறை என்று மருமகன் நினைத்திருந்தான். தேர்ந்தெடுக்க வேண்டியது எதிராளிக்கும் நமக்கும் இடைவெளி மிகுதியாக உள்ள பாட்டை. ஹார்டு ராக் ஓ.டி.யை 1.4 மடங்காக்கும், ஓ.டி. 5 மேப்பு 7 ஆகி, சாளரம் 35இலிருந்து 29 மில்லிநொடிக்குக் குறுகும். மெதுவான பாட்டில் இவன் திட்டவிலக்கம் 11, எதிராளியுடையது 16 என்று கொள்வோம். சாதாரணச் சாளரத்தில் இருவருக்கும் இடையே 1.4 சதவீதம்தான் வேறுபாடு வரும். ஹார்டு ராக்கில் அது 3.1 ஆகிறது. விதி கடினமானால் இருவருக்கும் கடினம்தானே என்று கேட்பவர்கள், சீரற்ற கைக்கு அது பலமடங்கு கடினம் என்பதைக் கவனிப்பதில்லை. அதோடு வட்டங்கள் ஓடும் வேகத்தையும் ஹார்டு ராக் கூட்டுவதால், மெதுவான பாட்டில் நெருங்கி ஒட்டிவரும் வட்டங்கள் பிரிந்து தெரிந்து, படிக்கவும் எளிதாகின்றன.

விலக்குவது டபுள் டைம் ஒன்றை. மற்றொன்று எதிராளிக்கு மிஞ்சும் என்றாலும், அவரது இரண்டாவது தேர்வு சாதாரணப் பாட்டாக வேண்டியிருக்கும். இருவரும் சரியாகத் தேர்ந்தெடுத்தால் ஆட்டம் பெரும்பாலும் சமநிலைப் பாட்டில்தான் போய் நிற்கும். அதை யாரும் விலக்கவும் முடியாது. ஆகவே இந்த வாரப் பயிற்சியில் பெரும்பகுதி அந்த ஒரு பாட்டுக்கே.

பிப்ரவரி 8, சனி

காலையில் வேலந்தாவளம் வழியாகக் கோவை. அரங்கில் ஏசி கடுமையாக இருந்ததால், விரல் விறைக்காமலிருக்க மருமகன் ஆட்டங்களுக்கிடையே கையைத் தேய்த்துக்கொண்டே இருந்தான். முன்னோட்டப் பாட்டில் பிழைக்கோடு தெளிவாகப் பிந்திக் காட்டியது. திரை வேறு, ஆஃப்செட் வேறு. அதை மாற்றியபின் கோடு நடுவுக்கு வந்தது. பக்கத்துப் பையன் அதே பிந்தலோடு ஆடி முதல் சுற்றிலேயே வெளியேறியது எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது.

கால் இறுதியில் மூன்றுக்குச் சுழியம். அரையிறுதி, எண்ணியபடியே, இரண்டுக்கு இரண்டாகிச் சமநிலைப் பாட்டுக்குப் போனது. நடுவில் மருமகன் தொடர்ந்து மூன்று மிஸ் விட்டபோது அரங்கில் ஆட்டம் முடிந்ததைப் போன்ற ஓசை எழுந்தது. அவன் நிமிரவில்லை. எதிராளி ஒரு மிஸ்ஸும் இல்லாமல் முடித்தார்; சதவீதம் வந்தபோது மருமகன் முன்னால் நின்றான்.

இறுதியாட்டத்தில் ஒன்றுக்கு மூன்று என்று தோற்றான்.

பிப்ரவரி 9, ஞாயிறு

இறுதியில் எதிரே உட்கார்ந்தவர் மெதுவான ஹார்டு ராக் பாட்டைத் தாமே முதலில் தேர்ந்தெடுத்தார். கை மருமகனுடையதைவிடச் சீரானது. இடைவெளியைப் பெரிதாக்கும் உத்தி அப்போது எதிராளிக்கே பயன்படும். பேருந்திலேயே மருமகன் கேட்டான்: "அவரு சீரா இருந்தா நாம சீரில்லாத பாட்டத்தானே மாமா கேக்கணும்?" கேள்வி சரியானது. வலுவானவருக்கு வேண்டியது முடிவுகள் அதிகம் ஏறி இறங்காத பாட்டு. வலு குறைந்தவருக்கு வேண்டியது ஏறி இறங்கும் பாட்டு. டபுள் டைமில் 35 மில்லிநொடிச் சாளரம் 23க்குச் சுருங்கி, நடைமாற்றங்களில் யாருக்கும் பத்து மிஸ் விழலாம் என்ற நிலை வரும். பத்து ஆட்டத்தில் மூன்றை அங்கே பறிக்க முடியும் என்றால், மெதுவான பாட்டில் ஒன்றைக்கூடப் பறிக்க முடியாதவருக்கு அது ஆதாயமே.

இனி விலக்கு ஆளைப் பொறுத்தது. ஓசு தளத்தில் எதிராளியின் பக்கத்தில் உள்ள சிறந்த ஆட்டங்களின் சதவீதங்களைப் பார்த்து, மெதுவான பாட்டுகளில் நம்மைவிடச் சீரானவர் என்று தெரிந்தால் டபுள் டைம் இரண்டையும் விட்டுவைத்து, ஹார்டு ராக்கில் ஒன்றை விலக்குவது. அதற்கு டபுள் டைம் கையில் இருக்க வேண்டும். மருமகன் நாளை தொடங்குகிறான், முன்கை இழுக்கத் தொடங்கினால் அந்த இடத்திலேயே நிறுத்துவது என்ற உடன்பாட்டோடு.