மட்டாஞ்சேரி: ஊசியும் பாட்டு நோட்டும்

சன்னலோரம் மூக்குக்கண்ணாடி போட்ட பாட்டி ஒருவர் குனிந்து தைத்துக்கொண்டிருக்கும் படத்தைப் பல வருடங்களுக்கு முன் ஒரு வார இதழில் பார்த்தேன். கொச்சி மட்டாஞ்சேரி யூதத் தெருவின் சாரா கோஹன். அந்தப் படத்தைக் கத்தரித்து என் தையல் டப்பாவின் மூடிக்குள் ஒட்டி வைத்திருந்தேன். போகவேண்டும் போகவேண்டும் என்று நாள் கடத்தினேன். 2019 ஆகஸ்டில், 96 வயதில், அவர் காலமானார். நான் போய்ச் சேர்ந்தது அதற்குப் பிறகுதான். அந்த வருத்தம் இன்னும் போகவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் கோட்டைக் கொச்சியிலிருந்து ஆட்டோ பிடித்தேன். வெள்ளியும் சனியும் யூத ஜெபாலயம் பார்வையாளர்களுக்குத் திறக்காது, அதனால் நாள் பார்த்துத்தான் போகவேண்டும். தெருவுக்குள் நுழையும்போதே சுக்கும் மிளகும் மூக்கில் ஏறின. இரண்டு பக்கமும் பழம்பொருள் கடைகள், முனையில் மணிக்கூண்டு. 1760இல் கட்டியது. அதன் முகப்புகளில் எபிரேய எண்களும் ரோமன் எண்களும் மலையாள எண்களும் இருக்கின்றன.

சாராவின் கடை வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். தலையில் வைக்கும் கிப்பா குல்லாக்களும், வெள்ளிக்கிழமை மாலை ஓய்வுநாள் தொடங்கும்போது மேசையில் வைக்கும் ரொட்டியை மூடும் பூவேலைத் துணிகளும் அவர் தைத்து விற்றவை. மஞ்சள் நூலில் எபிரேய எழுத்து, ஓரத்தில் கொடி. பிள்ளைகள் இல்லாத அவருக்குக் கடைசிவரை துணையாக இருந்து, கடையையும் காத்து வருபவர் தெருவில் தொழில் செய்த ஒரு முஸ்லிம் அன்பர். சாராவின் கைவேலையைக் கற்றுக்கொண்டு தொடர்ந்து தைத்தவர் ஒரு கிறிஸ்தவப் பெண்மணி. நான் ஒரு துணியைத் திருப்பிப் பின்பக்கம் பார்த்தேன். தையல் தெரிந்தவர்கள் முதலில் பார்ப்பது அதைத்தான். சங்கிலித் தையல் முடிச்சே தெரியாமல் ஓடியிருந்தது. என் அம்மா பார்த்திருந்தால், "கை சுத்தம்" என்று சொல்லியிருப்பாள். அவள் வாயில் அதைவிடப் பெரிய பாராட்டு வராது.

தெருக்கோடியில் 1568இல் எழுந்த பரதேசி ஜெபாலயம். பரதேசி என்றால் இங்கே வெளிநாட்டிலிருந்து வந்து குடியேறியவர். செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் உள்ளே போகவேண்டும். உலகத்தில் வேறெங்கும் யூதர்களிடம் அதிகம் காணாத வழக்கம், கேரள மண்ணில் ஒட்டிக்கொண்டது. காலடியில் சீனாவிலிருந்து வந்த நீலமும் வெள்ளையுமான ஓடுகள். எல்லோரும் குனிந்து ஓடுகளையே பார்க்கிறார்கள். நான் நிமிர்ந்து மாடியைப் பார்க்க விரும்பினேன். கொச்சி ஜெபாலயங்களில் தோரா என்ற யூத வேதத்தை வாசிக்கும் மேடை இரண்டு. ஒன்று கீழே நடுவில், இன்னொன்று மேலே, பெண்கள் பகுதிக்கு நேர் முன்னால். ஓய்வுநாளில் வேதச் சுருளை மேலே கொண்டுபோய் வாசிப்பார்கள். இடையில் கம்பித்தட்டி உண்டு, ஆனாலும் வாசிப்பு பெண்களின் காதுக்குப் பக்கத்தில் நடந்தது. இங்குள்ள பெண்களுக்கு எபிரேயம் படிக்கக் கற்றுக் கொடுத்தார்கள். அதோடு மலையாளத்தில் அவர்களுக்கென்றே தனியாக ஒரு பாட்டு உலகம் இருந்தது.

அந்தப் பாட்டுகளைப் பற்றித்தான் நான் அதிகம் சொல்ல விரும்புகிறேன்.

ஆபிரகாம், யோசேப்பு, எஸ்தர் கதைகளும், கல்யாண வாழ்த்தும், எந்த ஊரில் எந்த ஜெபாலயம் எப்படி எழுந்தது என்ற ஊர்க்கதையும் அவற்றில் உண்டு. நோட்டுப் புத்தகங்களில் கையால் எழுதி வைப்பார்கள். ஒருத்தி நோட்டைப் பார்த்து இன்னொருத்தி படியெடுப்பாள், தாயின் நோட்டு மகளுக்குப் போகும். கல்யாண வீட்டில் கைதட்டி, வட்டமாய்ச் சுற்றி ஆடிப் பாடுவார்கள். ஆண்கள் கேட்கப் பெண்கள் பாடக்கூடாது என்று வேறு பல யூதச் சமூகங்கள் கறாராக இருந்தபோது, கொச்சியில் ஆண்கள் முன்னாலேயே பாடினார்கள்.

அந்தக் கல்யாணங்களில் மணமகளுக்குத் தாலியும் உண்டு. பழைய தலைமுறைப் பெண்கள் உடுத்தியது முண்டும் குப்பாயம் என்ற தளர்ந்த மேல்சட்டையும். அக்கம்பக்கத்துச் சுரியானிக் கிறிஸ்தவப் பெண்களும் மாப்பிளா முஸ்லிம் பெண்களும் ஏறத்தாழ அப்படியேதான் உடுத்தினார்கள். பிறகு சேலை வந்தது, கவுன் வந்தது. உடுப்பு மாறமாற நோட்டும் அலமாரியின் அடித்தட்டுக்குப் போய்விட்டது.

ஒரு விஷயத்தை மறைக்க மனமில்லை. இந்த அழகான ஜெபாலயத்தில் எல்லா யூதரும் சமமாக உட்காரவில்லை. பரதேசி யூதர்கள் தங்களுக்கு முன்பே இங்கு வாழ்ந்துவந்த மலபார் யூதர்களைச் சேர்த்துக்கொள்ளவில்லை, விடுதலை பெற்ற அடிமைகளின் வழிவந்தவர்களுக்கு உள்ளே இருக்கை தரவில்லை. அந்தப் பிரிவில் பிறந்த வழக்கறிஞர் ஏ.பி. சேலம் சத்தியாக்கிரகம் செய்து எதிர்த்தார். அதே பின்னணியிலிருந்து வந்தவர் ரூபி டேனியல். 1912இல் பிறந்தவர், 1951இல் இஸ்ரேல் போய்க் கிபுட்ஸ் என்ற கூட்டுப்பண்ணைக் குடியிருப்பில் வாழ்ந்தார். வயதான காலத்தில் உட்கார்ந்து இந்தப் பாட்டுகளை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். ஆராய்ச்சியாளர்கள் நோட்டுகளைச் சேர்த்து வைத்துப் பார்த்தபோது, ஒரே பாட்டு பரதேசி வீட்டிலும் மலபார் வீட்டிலும் கிடைத்தது. ஆண்கள் பெஞ்சுக்குச் சண்டை போட்டார்கள், பெண்கள் பாட்டைக் கைமாற்றிக் கொண்டார்கள். இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

ஜெபாலயத்தின் பெருஞ்செல்வம் கி.பி. 1000 வாக்கில் சேர மன்னன் பாஸ்கர ரவிவர்மன் கொடுத்த செப்பேடு. வட்டெழுத்தில் எழுதியது. அச்சில் வந்த வாசகத்தை முன்பே படித்திருந்தேன். தமிழ் தெரிந்தவருக்கு முக்கால்வாசி தானாகப் புரியும். "ஈசுப்பு இறப்பான்" என்றால் ஜோசப் ரப்பான். அவனுக்கு அஞ்சுவண்ணம் என்ற வணிகக் குழுவையும் எழுபத்திரண்டு வீடுபேறும், அதாவது உரிமைகளும், கொடுக்கிறான் மன்னன். பகல்விளக்கு, பாவாடை, குடை என்று பட்டியல் போகிறது. இந்தப் பாவாடை இடுப்பில் கட்டுவது இல்லை. பெரியவர்கள் நடக்கத் தரையில் விரிக்கும் துணி, நம் கோயில்களில் நடைபாவாடை என்று சொல்வோமே, அது. இதையெல்லாம்விட எனக்குப் பிடித்தது பின்னால் வரும் வரி. இந்த உரிமை அவனுக்கும், அவன் ஆண்மக்களுக்கும், பெண்மக்களுக்கும், மருமக்களுக்கும் என்று போகிறது. ஆயிரம் வருடத்துக்கு முன் செம்பில் பெண்மக்களை எழுதி வைத்திருக்கிறார்கள்!

மறுநாள் பறவூர் வழியாகச் சேந்தமங்கலம் போனேன். அங்கே பழைய ஜெபாலயம் இப்போது அருங்காட்சியகம். முற்றத்தில் எபிரேய எழுத்தில் ஒரு கல்லறைக் கல். இஸ்ரேல் என்பவரின் மகள் சாரா, 1269. அந்தப் பெயரைப் பார்த்ததும் தையல் டப்பா மூடிதான் நினைவுக்கு வந்தது. இந்த ஊர் கைத்தறிக்கும் பேர் போனது. 2018 வெள்ளத்தில் தறிக்குழிகள் மூழ்கி, சேறு படிந்த துணிகளைக் கழுவிச் 'சேக்குட்டி' என்ற சின்னப் பொம்மைகளாகச் செய்து விற்றார்கள். நெசவுச் சங்கத்தில் கரை வைத்த முண்டு ஒன்று வாங்கினேன். விற்ற அக்கா அதை உதறி மடித்துக் காட்டி, "முதல்ல தண்ணியில முக்கிட்டு உடு மோளே" என்றார்.

கொச்சி யூதர்களில் பெரும்பாலோர் 1950களில் இஸ்ரேலுக்குப் போய்விட்டார்கள். நோட்டுகள் டிரங்குப் பெட்டியில் கூடவே போயின. மட்டாஞ்சேரியின் கடவும்பாகம் ஜெபாலயத்தின் உள்ளறை மரவேலை பிரித்தெடுக்கப்பட்டு இப்போது ஜெருசலேமின் இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. பாட்டுகளை அங்கே பாட்டிகள் திரும்பப் பாட ஆரம்பித்தார்கள், 2004இல் ஒலித்தட்டாகவும் வந்தது. ஒரு கிளிப்பாட்டின் பேரையே அதற்கு வைத்தார்கள். எபிரேய விவிலியத்தில், சாலமோன் மன்னனின் கப்பல்கள் கொண்டுவந்தவற்றில் 'துக்கி' என்று ஒன்று வரும். மயில் என்பது பொருள். நம் 'தோகை'யிலிருந்து போன சொல் அது என்று மொழியறிஞர் பலர் கருதுகிறார்கள். இன்றைய எபிரேயத்தில் 'துக்கி' என்றால் கிளி. கிளியைப் பாடும் கொச்சிப் பாட்டிகளின் பேரப்பிள்ளைகள் அந்தச் சொல்லைத்தான் தினமும் பேசுகிறார்கள்.

திரும்பும் பஸ்ஸில் அந்தப் பாட்டைப் போனில் கேட்டுக்கொண்டு வந்தேன். என் விரல்கள் மடியில் தாளம் போட்டிருக்கவேண்டும். பக்கத்தில் இருந்த வயதான அம்மா, "எந்தா பாட்டு?" என்றார். ஒரு காதுக்கருவியைக் கொடுத்தேன். சொருகிக்கொண்டு கண்ணை மூடினார். இரண்டாவது அடியிலேயே அவர் கையும் என் கையோடு தட்ட ஆரம்பித்தது. "எங்க அம்மாயி கைகொட்டிக் களிக்கு இப்படித்தான் பாடும்" என்றார். பறவூரில் இறங்குவதற்கு முன் அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, பாட்டின் பேரைத் தன் பேத்தியின் போனுக்கு அனுப்பச் சொன்னார்.